எஸ்.எச். தரக் காந்தங்கள் வந்து சேரவில்லை: புதிய சுரங்கங்கள் திறக்கும் வரை காத்திருக்கலாமா?

கொள்முதல்மேசை எழுதியது:

சிறிய சர்வோ மோட்டார்கள் தயாரிக்கும் நிறுவனம் ஒன்றில் கொள்முதல் பிரிவில் பணிபுரிகிறேன். எங்கள் மோட்டாரின் சுழலியில் 3 மில்லிமீட்டர் தடிமன் உள்ள நியோடிமியக் காந்தத் துண்டுகளை ஒட்டுகிறோம். வரைபடத்தில் அவற்றின் தரம் 42 எஸ்.எச். என்று குறிக்கப்பட்டிருக்கிறது (42 என்பது காந்தத்தின் வலிமை, எஸ்.எச். என்பது 150 டிகிரி வரை சூடு தாங்கும் வகை). பல ஆண்டுகளாக ஒரே சீன விற்பனையாளரிடம்தான் வாங்கி வந்தோம். ஆர்டர் கொடுத்து ஆறு வாரத்தில் சரக்கு வந்துவிடும் என்பதால் இதைப் பற்றி யாரும் யோசித்ததே இல்லை.

2025 ஏப்ரலில் சீனா ஏற்றுமதி உரிம விதியைக் கொண்டுவந்த பிறகு நிலைமை அடியோடு மாறிவிட்டது. காந்தம் எந்த மோட்டாரில் பொருத்தப்படுகிறது, அந்த மோட்டாரை யார் வாங்குகிறார், அது ராணுவப் பயன்பாட்டுக்குப் போகாது என்பதற்கு என்ன உறுதி என்றெல்லாம் முத்திரையிட்ட கடிதம் கேட்கிறார்கள். மோட்டாரின் உட்புறப் புகைப்படம்கூடக் கேட்டார்கள். கடைசியாகக் கொடுத்த ஆர்டர் நான்கு மாதமாக உரிமத்துக்காகக் காத்துக் கிடக்கிறது.

காந்தத்துக்கு வேண்டிய நியோடிமியம் போன்ற அரிய மண் தனிமங்கள் பெயரில்தான் அரியவை, பூமியில் தாராளமாகவே கிடக்கின்றன என்று படித்திருக்கிறேன். பல நாடுகளில் புதிய சுரங்கங்கள் வரப்போவதாகவும் செய்தி வருகிறது. ஓராண்டு பொறுத்தால் எல்லாம் சரியாகிவிடும், அதுவரை இருப்பை வைத்துச் சமாளி என்கிறார் எங்கள் மேலாளர். அவர் சொல்வது நடைமுறையில் சாத்தியமா? இத்துறையில் உள்ளவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.


கரைப்பான் எழுதியது:

உங்கள் மேலாளர் சுரங்கத்தையும் காந்தத்தையும் ஒரே மூச்சில் நினைத்துவிட்டார். பிரித்தெடுப்பு ஆலையில் பல ஆண்டுகள் வேதிப் பொறியாளராக இருந்தவன் என்ற முறையில் சொல்கிறேன்: கல்லைத் தோண்டுவது இந்தத் தொழிலின் எளிய பகுதி.

புவி ஓட்டில் ஈயத்தைவிட நியோடிமியம் அதிகம் என்பது உண்மைதான். ஆனால் அது தனியே இருப்பதில்லை. பாஸ்ட்னசைட், மோனசைட் போன்ற கனிமங்களில் அரிய மண் தனிமங்கள் ஒரு கூட்டமாகவே இருக்கின்றன. அந்தக் கூட்டத்தில் பெரும்பங்கு சீரியமும் லாந்தனமும்தான். காந்தத்துக்கு வேண்டிய நியோடிமியமும் பிரசியோடிமியமும் சேர்ந்து ஒரு டன் எடுக்க வேண்டுமானால், பாஸ்ட்னசைட்டைப் பொறுத்தவரை நான்கைந்து டன் சீரியமும் லாந்தனமும் கூடவே வந்து நிற்கும். அவற்றுக்குப் போதிய சந்தை இல்லை. ஆகவே ஒரு சுரங்கத்தின் வரவுசெலவை இரண்டு தனிமங்களே தாங்க வேண்டியிருக்கிறது. சீனாவின் உள் மங்கோலியாவில் உள்ள பயான் ஓபோவில் இந்தச் சிக்கல் அவ்வளவாக இல்லை, ஏனென்றால் அது இரும்புத்தாதுச் சுரங்கமும்கூட. தோண்டும் செலவில் ஒரு பகுதியை இரும்பே ஏற்றுக்கொள்கிறது. மோனசைட் என்றால் அதோடு தோரியமும் வரும். கதிரியக்கக் கழிவை எங்கே, எப்படிப் பத்திரப்படுத்துவது என்ற கேள்விக்குப் பதில் சொல்லாமல் எந்த நாட்டிலும் ஆலை ஓட்ட முடியாது.

அடுத்தது பிரித்தல். இந்தத் தனிமங்கள் வேதிப் பண்பில் ஒன்றையொன்று அச்சில் வார்த்தது போல ஒத்தவை. அமிலக் கரைசலையும் கரிமக் கரைப்பானையும் கலக்கித் தெளிய வைக்கும் தொட்டிகளை நூற்றுக்கணக்கில் வரிசையாக அமைத்து, ஒவ்வொரு தொட்டியிலும் துளித்துளியாகப் பிரிந்து வருவதைச் சேர்த்துக்கொண்டே போக வேண்டும். தொட்டி வரிசை சமநிலைக்கு வரவே வாரக்கணக்கில் ஆகும். ஊட்டும் கரைசலின் கலவை சற்றே மாறினாலும் மறுமுனையில் தூய்மை கெட்டுவிடும். நான் இருந்த ஆலையில் ஒரு பம்பு இரவில் நின்றுபோனதை விடியும் வரை யாரும் கவனிக்கவில்லை. வரிசையை மீண்டும் பழைய தூய்மைக்குக் கொண்டுவர எங்களுக்குப் பதினெட்டு நாள் ஆயிற்று. இப்படிக் கிடைக்கும் ஆக்சைடை உருகிய புளோரைடு உப்பில் மின்னாற்பகுப்பு செய்து உலோகமாக்குவது அதற்குப் பிறகான, தனியான ஒரு தொழில்.

பன்னாட்டு எரிசக்தி முகமையின் கணக்குப்படி, 2024இல் காந்தத்துக்கான அரிய மண் தனிமங்களின் சுரங்க உற்பத்தியில் சீனாவின் பங்கு சுமார் 60 சதவீதம். சுத்திகரிப்பில் 91 சதவீதம். தூளை அழுத்திச் சுட்டுச் செய்யும் சின்டரிங் முறைக் காந்தங்களில் 94 சதவீதம். தாதுவிலிருந்து தள்ளித் தள்ளிப் போகும்போது பிடி இறுகுவதைக் கவனியுங்கள். கலிபோர்னியாவின் மவுண்டன் பாஸ் சுரங்கம் மீண்டும் இயங்கத் தொடங்கிய பிறகும், அங்கே எடுத்த செறிவூட்டிய தாது 2025 ஏப்ரல் வரை சீனாவுக்குத்தான் கப்பலேறியது. சுரங்கம் இருந்தது, அடுத்த படி இல்லை.

உங்கள் எஸ்.எச். தரத்துக்கு, சூட்டைத் தாங்க உதவும் டிஸ்புரோசியம் என்ற அரிய மண் தனிமம் வேறு வேண்டும். அது மேற்சொன்ன கனிமங்களில் மிகச் சொற்பம். தென் சீனாவின் ஜியாங்சி மாகாணத்திலும் மியான்மரின் கச்சின் மாநிலத்திலும் உள்ள களிமண் படிவுகளிலிருந்தே உலகத் தேவையின் பெரும்பகுதி வருகிறது. மலைச்சரிவில் துளையிட்டு அம்மோனியம் சல்பேட்டுக் கரைசலை ஊற்றி, கீழே வடிவதைக் குட்டைகளில் பிடிக்கிறார்கள். அந்த மலையும் ஓடையும் பிறகு என்ன ஆகின்றன என்பதை நேரில் பார்த்தவர்கள் மறக்கமாட்டார்கள். கச்சினில் அந்தச் சுரங்கப் பகுதியை 2024 அக்டோபரில் கிளர்ச்சிப் படை கைப்பற்றியதும் வரத்தே தடுமாறியது. சீனாவுக்கு வெளியே டிஸ்புரோசியம் ஆக்சைடை வணிக அளவில் பிரிப்பதை ஆஸ்திரேலியாவின் லைனாஸ் நிறுவனம் மலேசியாவில் தொடங்கியதே 2025 மே மாதத்தில்தான். ஓராண்டு காத்திருந்து தீரும் விஷயம் அல்ல இது.


துறைமுகவாசி எழுதியது:

சரக்கு அனுப்பும் தரப்பிலிருந்து ஒரே ஒரு விஷயம். 2025 ஏப்ரல் 4 அன்று வந்த கட்டுப்பாடு எல்லா நியோடிமியக் காந்தங்களுக்கும் உரியதல்ல. சமாரியம், கடோலினியம், டெர்பியம், டிஸ்புரோசியம், லுட்டீசியம், ஸ்காண்டியம், இட்ரியம் ஆகிய ஏழு தனிமங்களும் அவை கலந்த பொருள்களுமே அதில் அடங்கும். அதாவது சமாரியம்-கோபால்ட் காந்தங்களும், டிஸ்புரோசியமோ டெர்பியமோ சேர்த்த நியோடிமியக் காந்தங்களும். அவை இரண்டும் சேராத நியோடிமியக் காந்தத்துக்கு அந்த உரிமம் தேவையில்லை. அதில் அவை இல்லை என்பதற்குப் பகுப்பாய்வுச் சான்று இருந்தால் சுங்கத்தில் பேச்சு எளிதாகும். 2025 அக்டோபரில் அறிவித்த கூடுதல் கட்டுப்பாடுகளைத்தான் நவம்பரில் ஓராண்டுக்கு நிறுத்தி வைத்தார்கள், ஏப்ரல் விதி அப்படியே இருக்கிறது. உரிம ஆய்வுக்கு விதிப்படி 45 வேலை நாள் அவகாசம் உண்டு. கடிதத்தில் ஒரு பத்தி குறைந்து திருப்பி அனுப்பினால் அந்தக் கணக்கு மறுபடி முதலிலிருந்து ஓடும். உங்கள் ஆர்டர் நான்கு மாதம் நிற்பதற்கு அப்படி ஒரு காரணம் இருக்கக்கூடும், விற்பனையாளரிடம் கேட்டுப் பாருங்கள்.


சூளைப்பக்கம் எழுதியது:

மேலே உள்ள பதிவில்தான் உங்கள் பிரச்சினையின் முடிச்சு இருக்கிறது. காந்தம் செய்யும் ஆலையில் இருந்தவன் என்பதால் அந்த 'எஸ்.எச்.' எப்படி உள்ளே வருகிறது என்று சொல்கிறேன்.

நியோடிமியம், இரும்பு, போரான் கலந்த உலோகக் கலவையை மெல்லிய செதில்களாக வார்த்து, ஹைட்ரஜனை ஏற்றினால் செதில்கள் தாமாகவே பொரிந்து உதிரும். அந்த உதிரியை நைட்ரஜன் தாரையில் மோதவிட்டு மூன்று முதல் ஐந்து மைக்ரான் அளவுள்ள மாவாக அரைப்போம். அந்த மாவு காற்றுப்பட்டால் தானே தீப்பற்றும். வடிகட்டியைக் கழற்றும்போது உள்ளே நைட்ரஜன் சரியாக இருக்கிறதா என்று இருமுறை பார்க்காமல் யாரும் கைவைக்க மாட்டோம். பிறகு அச்சில் கொட்டி, வலிய காந்தப்புலத்தில் துகள்களை எல்லாம் ஒரே திசைக்குத் திருப்பி, அழுத்திக் கட்டியாக்கி, வெற்றிடச் சூளையில் ஏறத்தாழ 1,050 டிகிரியில் சுடுகிறோம். கட்டி சுருங்கும், அதுவும் எல்லாத் திசையிலும் ஒரே அளவில் சுருங்காது. எவ்வளவு சுருங்கும் என்பதை முன்கூட்டியே கணித்து அச்சை வடிவமைப்பவர் கையில்தான் ஆலையின் லாபமே இருக்கிறது. அதற்குமேல் அறுத்துச் சாணை பிடிக்கும்போது ஒரு கணிசமான பகுதி சேறாகப் போய்விடும். இந்தக் கைப்பழக்கத்தை ஏட்டில் படித்துப் பெற முடியாது. அரிய மண் காந்தத் தயாரிப்புத் தொழில்நுட்பத்தை ஏற்றுமதி செய்யவே சீனா 2023 டிசம்பரில் தடை விதித்ததையும் சேர்த்துக்கொள்ளுங்கள். எஸ்தோனியாவின் நார்வாவிலும் அமெரிக்காவின் டெக்சாஸிலும் புதிய காந்த ஆலைகள் வந்துள்ளன, ஆனால் மாதம் சில ஆயிரம் துண்டு வாங்கும் உங்களைப் போன்றவருக்கு அங்கே வரிசையில் இடம் கிடைக்கச் சில காலம் ஆகும்.

டிஸ்புரோசியத்துக்கு வருவோம். நியோடிமியக் காந்தம் அறை வெப்பநிலையில் சூரன், சூட்டில் கோழை. சூடு ஏறும் ஒவ்வொரு டிகிரிக்கும் அதன் காந்த நீக்குத்திறன், அதாவது காந்தத்தை நீக்க முயலும் எதிர்ப்புலத்தைத் தாங்கும் வலு, ஏறத்தாழ 0.6 சதவீதம் இறங்கும். எதிர்ப்புலம் வந்தால் துகளின் எல்லையில் ஓரிடத்தில் திசை புரண்டு, அது துகள் முழுவதும் பரவிவிடும். டிஸ்புரோசியம் அந்தப் புரளலைத் தடுக்கும். அதற்கு விலையும் உண்டு: டிஸ்புரோசிய அணுவின் காந்தத் திருப்புத்திறன், அதாவது அதன் சிறு காந்தம், இரும்பு அணுவினதற்கு எதிர்த்திசையில் அமைவதால் காந்தத்தின் வலிமை குறையும். முன்பெல்லாம் கலவையிலேயே கொட்டிவிடுவார்கள். மிகுந்த சூட்டைத் தாங்க வேண்டிய வாகன மோட்டார்களில் எடையில் 10 சதவீதம் வரைகூடப் போனதுண்டு. இப்போது மெல்லிய காந்தங்களுக்கு, செய்து முடித்த துண்டின் மேல் பூசிச் சூடேற்றி, துகள் எல்லைகள் வழியாக மட்டும் ஊடுருவச் செய்கிறோம். உங்கள் 3 மில்லிமீட்டர் துண்டுக்கு இது கச்சிதமாகப் பொருந்தும், டிஸ்புரோசியமும் வெகுவாகக் குறையும். ஆனால் குறைந்தாலும் அது இருக்கத்தான் செய்கிறது, ஆகவே உரிமம் தேவைப்படும்.

எனவே என் கேள்வி இதுதான்: அந்தக் காந்தத்துக்கு 150 டிகிரி தாங்கும் தரம் வேண்டும் என்று முதலில் தீர்மானித்தவர் யார்?


கொள்முதல்மேசை எழுதியது:

இந்தக் கேள்வி என்னைச் சங்கடத்தில் ஆழ்த்திவிட்டது. வரைபடத்தில் கையெழுத்திட்ட வடிவமைப்பாளர் ஓய்வு பெற்றுப் பல ஆண்டுகள் ஆகின்றன. பழைய கோப்பைத் தேடி எடுத்தேன். மோட்டாரின் கம்பிச் சுருளுக்கான மின்காப்பு 'எஃப்' வகுப்பு, அதாவது 155 டிகிரி வரை தாங்கும். அதே எண்ணை ஒட்டி, காந்தத்துக்கும் ஓர் எஸ்.எச். போட்டிருக்கிறார்கள் போலத் தெரிகிறது. தனிக் கணக்கு எதுவும் கோப்பில் இல்லை. பரிசோதனைக் கூடத்தில் கேட்டபோது, முழுச் சுமையில் சுழலியின் வெப்பநிலை 95 டிகிரியைத் தாண்டியதில்லை என்றார்கள். அப்படியானால் தரத்தைக் குறைத்து வாங்கிவிடலாமா?


சுற்றுக்கம்பி எழுதியது:

அவசரப்படாதீர்கள். மோட்டார் வடிவமைப்பில் நான் அடிக்கடி பார்க்கும் பிழை நீங்கள் சொன்னதுதான்: சுருளின் வெப்ப வகுப்பைக் காந்தத்தின் மேல் அப்படியே ஏற்றிவிடுவது. அதற்காக எதிர்ப்பக்கம் சாய்ந்தும் விழக்கூடாது. எம், எச், எஸ்.எச். என்ற எழுத்துகளுக்கு எதிரே அட்டவணையில் போட்டிருக்கும் 100, 120, 150 டிகிரி எல்லாம் ஒரு வழிகாட்டிதான். காந்தம் வலுவிழக்குமா என்பதை வெப்பநிலை மட்டும் தீர்மானிப்பதில்லை. அந்த வெப்பநிலையில் சுருள் எவ்வளவு எதிர்ப்புலத்தை அதன்மேல் செலுத்துகிறது என்பதும், காந்தம் எவ்வளவு தடிமனாக இருக்கிறது என்பதும் சேர்ந்தே தீர்மானிக்கின்றன.

கணக்கைப் பாருங்கள். அறை வெப்பநிலையில், அதாவது 20 டிகிரியில், எஸ்.எச். தரத்தின் காந்த நீக்குத்திறன் குறைந்தது 20 கிலோ எர்ஸ்டெட் (காந்தப்புலத்தின் அலகு), எச். தரத்தின் அளவு 17, எம். தரத்தின் அளவு 14. நூறு டிகிரிக்குப் போனால் மேலே சொன்ன 0.6 சதவீதக் கணக்குப்படி இவை முறையே 10.4, 8.8, 7.3 என்று இறங்கும். மோட்டாருக்கு மின்சாரம் ஊட்டும் உங்கள் இயக்கியில் கோளாறு ஏற்பட்டு மூன்று மின்கட்டங்களும் (ஃபேஸ்) குறுக்கிணைந்தால் பாயும் உச்ச மின்னோட்டம், காந்தத்தின் மூலையில் எவ்வளவு எதிர்ப்புலம் உண்டாக்கும் என்று மென்பொருளில் கணக்கிடச் சொல்லுங்கள். நடுப்பகுதியைப் பார்த்து ஏமாறாதீர்கள்; முதலில் கெடுவது மூலைதான்.

கணக்கோடு நிறுத்தாமல் சோதித்தும் பாருங்கள். எச். தரக் காந்தம் ஒட்டிய ஒரு சுழலியைப் பொருத்தி, மோட்டாரைக் குறித்த வேகத்தில் வெளியிலிருந்து சுழற்றி, முனைகளில் தோன்றும் மின்னழுத்தத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். பிறகு மோட்டாரை 120 டிகிரியில் ஊறவைத்து உச்ச மின்னோட்டத்தை எதிர்ப்புலம் உண்டாகும் நிலையில் செலுத்தி, முழுவதும் ஆறவிட்டு, அதே வேகத்தில் மறுபடி அளவெடுங்கள். மின்னழுத்தம் ஒரு சதவீதத்துக்குமேல் குறைந்திருந்தால் அந்தத் தரம் உங்களுக்கு ஆகாது. குறையவில்லை என்றால் எஸ்.எச். என்பது இத்தனை நாள் சுமந்த வீண் சுமை.

ஆர்டரில் வெறும் '42 எச்.' என்று எழுதினால் போதாது. டிஸ்புரோசியமும் டெர்பியமும் சேர்க்காத 42 எச். என்று எழுத்தில் கேளுங்கள்; துகளை இன்னும் நுண்ணியதாக்கி அந்தத் தரத்தை எட்டுபவர்கள் இருக்கிறார்கள். டிஸ்புரோசியம், டெர்பியம் போன்ற கனரக அரிய மண் இல்லாத காந்தத்தை ஹோண்டாவும் டைடோ ஸ்டீலும் 2016இலேயே கலப்பின வாகன மோட்டாருக்குக் கொண்டுவந்துவிட்டன, உங்கள் சர்வோ மோட்டார் அதைவிடக் கொடிய சூட்டில் ஓடுவதில்லை.

இரும்பு ஆக்சைடு கொண்டு செய்யும் ஃபெரைட் காந்தத்துக்கு மாறலாமே என்று யாராவது யோசனை சொல்வார்கள். அதன் ஆற்றல் பெருக்கம், அதாவது காந்த வலிமையின் அளவு, உங்கள் காந்தத்தில் பத்தில் ஒரு பங்குதான். மோட்டார் பருத்துவிடும், சர்வோவுக்கு வேண்டிய துடிப்பு போய்விடும். போதாக்குறைக்கு அது குளிரில் வலுவிழக்கும், நமக்குப் பழகிய கணக்கெல்லாம் தலைகீழாகும். பம்பு, விசிறி போன்றவற்றுக்கு அது நல்ல மாற்று, உங்களுக்கு அல்ல.


பழையஒப்பந்தம் எழுதியது:

சுற்றுக்கம்பி சொன்னதில் பிழையில்லை. ஆனால் டிஸ்புரோசியத்தை எடுத்துவிட்டால் விடுதலை கிடைத்துவிடும் என்ற தொனி எனக்கு ஏற்புடையதாக இல்லை. மிச்சமிருக்கும் நியோடிமியமும் அதே சுத்திகரிப்பு ஆலைகளிலிருந்து, அதே 91 சதவீதத்திலிருந்துதான் வருகிறது. இன்று ஏழு தனிமங்களுக்கு விதி. நாளை எட்டாவதாக நியோடிமியத்தைச் சேர்க்க ஓர் அறிவிப்பு போதும்.

இந்தக் காந்தம் பிறந்ததே ஒரு தட்டுப்பாட்டில்தான். 1978இல் ஜயர் நாட்டின் (இன்றைய காங்கோ ஜனநாயகக் குடியரசு) ஷாபா மாகாணச் சண்டையால் கோபால்ட் விலை எகிறியது. சமாரியம்-கோபால்ட் காந்தத்துக்கு மாற்றுத் தேடியவர்களில் ஜப்பானின் சுமிடோமோ ஸ்பெஷல் மெட்டல்ஸில் மசாட்டோ சகாவாவும், ஜெனரல் மோட்டார்ஸில் ஜான் குரோட்டும் தனித்தனியே நியோடிமியம்-இரும்பு-போரானை வந்தடைந்தார்கள். ஜெனரல் மோட்டார்ஸ் அதற்காக மேக்னிகுவெஞ்ச் என்ற பிரிவைத் தொடங்கி, 1995இல் சீன முதலீட்டாளர்களும் அடங்கிய ஒரு குழுவுக்கு விற்றுவிட்டது. நாளடைவில் உற்பத்தி சீனாவுக்கு இடம்பெயர்ந்தது. அன்று அது யாருக்கும் இழப்பாகத் தோன்றவில்லை, காந்தம் மலிவாகக் கிடைத்தது.

2010இல் சீனாவிலிருந்து ஜப்பானுக்கு ஏற்றுமதி தடைபட்டபோதும் இதே பேச்சுதான் எழுந்தது. 2011இல் விலை விண்ணைத் தொட்டது. புதிய திட்டங்கள் முளைத்தன. விலை சரிந்ததும் வாங்குபவர்கள் மலிவான இடத்துக்கே திரும்பினார்கள். மவுண்டன் பாஸை அப்போது நடத்திய மோலிகார்ப் 2015இல் திவாலானது. தாக்குப்பிடித்தது லைனாஸ் மட்டுமே என்று சொல்லலாம், அதுவும் ஜப்பானின் அரசு நிறுவனமான ஜோக்மெக்கும் வணிக நிறுவனமான சோஜிட்ஸும் 2011இல் 25 கோடி டாலர் கொடுத்து, நீண்டகால ஒப்பந்தம் போட்டுக் கைதூக்கிவிட்டதால். ஜப்பான் அப்போது சுமார் 90 சதவீதம் சீனாவை நம்பியிருந்தது. பிறகு அது 60 சதவீத அளவுக்கு இறங்கியது. மவுண்டன் பாஸை இப்போது நடத்தும் எம்.பி. மெட்டீரியல்ஸ் நிறுவனத்துக்கு அமெரிக்கப் பாதுகாப்புத் துறை 2025 ஜூலையில் நியோடிமியம்-பிரசியோடிமியம் கிலோவுக்கு 110 டாலர் என்று அடிப்படை விலை உறுதி கொடுத்ததும், விலை சரிந்து அது மூழ்கிவிடாமல் காக்கத்தான். அன்றைய சந்தை விலை ஏறத்தாழ அதில் பாதி.

உங்களைப் போன்ற சிறு நிறுவனம் சுரங்கத்தில் பங்கு வாங்க முடியாது. ஆனால் ஆண்டுத் தேவையில் கால் பங்கையாவது, விலை கூடுதலானாலும், வேறொரு நாட்டு ஆலையிடம் தொடர்ந்து வாங்குவதாக ஒப்புக்கொள்ள முடியும். தட்டுப்பாடு வரும்போது மட்டும் வந்து கதவைத் தட்டுபவருக்கு எந்த ஆலையும் இடம் வைத்திருக்காது.


கொள்முதல்மேசை எழுதியது:

தாமதமாக எழுதுவதற்கு மன்னிக்கவும். சோதனை முடியட்டும் என்று காத்திருந்தேன். டிஸ்புரோசியம், டெர்பியம் சேர்க்காத 42 எச். மாதிரிகள் பகுப்பாய்வுச் சான்றோடு ஐந்து வாரத்தில் வந்தன, உரிமம் எதுவும் தேவைப்படவில்லை. சுற்றுக்கம்பி சொன்ன முறையில் ஆறு மோட்டார்களைச் சோதித்தோம். ஐந்தில் மின்னழுத்தக் குறைவு அரை சதவீதத்துக்கும் கீழ். ஆறாவதில் 1.8 சதவீதம் குறைந்தது. கழற்றிப் பார்த்தபோது ஒரு காந்தத்தின் மூலை சாணையில் மெலிந்திருந்தது தெரிந்தது. அதனால் தடிமனின் கீழ் எல்லையை வரைபடத்தில் இறுக்கியிருக்கிறோம்.

சூளைக்கு அருகே நிறுவப்படும் ஒரு மாதிரிக்கு மட்டும் எஸ்.எச். தரமே தேவைப்படுகிறது, அதில் சமரசம் செய்ய முடியாது என்று வடிவமைப்புப் பிரிவு எழுத்தில் கொடுத்துவிட்டது. அதற்கான பழைய ஆர்டர் இன்னும் உரிமத்துக்குக் காத்திருக்கிறது. துறைமுகவாசி ஐயா ஊகித்தது சரிதான்: இறுதிப் பயனாளர் கடிதத்தில் வாடிக்கையாளரின் முகவரி விடுபட்டிருந்ததால் விண்ணப்பம் ஒருமுறை திரும்பியிருக்கிறது, விற்பனையாளர் எங்களிடம் சொல்லவே இல்லை. கால் பங்கு யோசனையை மேலாளரிடம் வைத்தேன். விலை வித்தியாசத்தைப் பார்த்ததும் அடுத்த காலாண்டில் பேசலாம் என்றார்.


சூளைப்பக்கம் எழுதியது:

அந்த ஒரு மாதிரிக்கு, துகள் எல்லை வழி ஊடுருவல் செய்த எஸ்.எச். தரத்தைக் கேளுங்கள்; உரிமம் அதற்கும் வேண்டும் என்றாலும் டிஸ்புரோசியம் குறைவு என்பதால் விலையில் ஏற்ற இறக்கம் உங்களை அவ்வளவாகப் பாதிக்காது. கழிவாகும் சுழலிகளையும் இனிமேல் இரும்புக் கழிவோடு சேர்த்துப் போட்டுவிடாதீர்கள். ஹைட்ரஜனை ஏற்றினால் பழைய காந்தமும் புதிய செதிலைப் போலவே பொரிந்து மாவாகும். பசை ஒட்டியிருந்தாலும் பரவாயில்லை, என்ன தரம் என்று மேலே எழுதித் தனியே ஒரு பீப்பாயில் போட்டு வையுங்கள்.